காய்ச்சல் வராத ஷெட்

திருமுடிவாக்கம் தொழிற்பேட்டையின் அந்த வெல்டிங் ஷெட்டில் யாருக்கும் காய்ச்சல் வராது. அசதி வரும், உடம்பு வலிக்கும், தூக்கம் கெடும். காய்ச்சல் என்ற சொல்லை மட்டும் எவரும் வாய்விட்டுச் சொல்வதில்லை. சொன்னவர் சம்பளமின்றி வீட்டுக்குப் போவார். பெரும்பாலும் அவரைத் திரும்ப அழைப்பதில்லை.

‘தொற்று கண்டவருக்குச் சம்பளத்துடன் விடுப்பு’ என்ற அறிவிப்பை முதலாளி கஸ்தூரிரங்கனே தம் கேபின் கதவில் ஒட்டியிருந்தார். தொழிலாளர் துறை ஆய்வு முடிந்த மறுநாள், அதன்மேல் ஒரு காலண்டர் தொங்கியது.

அன்று காலை ஜலால், எதிரே டீக்கடையில் ஐஸ் தண்ணீர் பாட்டிலை நெற்றியில் வைத்து அழுத்திக்கொண்டிருந்தான். உடம்பு கொதித்தது. வீட்டில் மனைவி ஜஹீரா நிறைமாதம். இந்த நேரத்தில் வேலை போகக்கூடாது.

வாசலில் சூப்பர்வைசர் மெர்வின் காய்ச்சல் பார்க்கும் கருவியுடன், நிழலை விட்டு வெயிலில் நின்றிருந்தார். பக்கத்து ஸ்டூலில் அவருடைய டீ ஆடை படிந்து கிடந்தது.

“என்ன ஜலால், நெத்தியெல்லாம் தண்ணி?”

“மூஞ்சி கழுவிகினு வந்தேண்ணா.”

“இன்னிக்குத்தான் சுத்தம் வந்துச்சாக்கும்.” பீப். “நார்மல். போ.”

ஒரு மணி நேரத்தில் ஐஸின் குளிர்ச்சி போய்விட்டது. வெல்டிங் ராடு கையில் நடுங்கியது.

“இன்னா மச்சான், கை இப்டி ஆடுது?” என்றான் பக்கத்தில் நின்ற கதிரேசன்.

“அசதிடா.”

“அசதியா? அப்போ கொஞ்சம் தள்ளிப்போய் அசதியா இரு.”

கேபின் கண்ணாடி வழியே கஸ்தூரிரங்கன் பார்த்துவிட்டார். “மெர்வின்! அந்த ஜலாலைத் திரும்பப் பாரு. சூடு இருந்தா இப்பவே அனுப்பிடு. இன்னிக்கு லோடு போகணும், நீ செக் பண்ணாம ஒரு பீஸ் வெளிய போகாது!” சொல்லிவிட்டுப் போனை எடுத்து முதுகைத் திருப்பிக்கொண்டார்.

மெர்வின் எதிரே வந்து நின்றார். ஒவ்வொரு மெஷினாக ஓய்ந்தது.

“அண்ணா, ஜஹீராவுக்கு இதான் மாசம்…” ஜலால் கண்களை இறுக மூடிக்கொண்டான்.

பீப்.

“நூத்தி ரெண்டு,” என்றார் மெர்வின், ஷெட் முழுக்கக் கேட்கும்படி.

“நான் சொல்லல? கெளம்பச் சொல்லு அவனை!” என்று கேபினிலிருந்து குரல் வந்தது.

ஜலால் கண்ணைத் திறந்தான். கருவியின் முனை மெர்வினின் நெற்றியிலேயே இருந்தது.

மெர்வின் நடந்துபோய், கேபின் கதவிலிருந்த காலண்டரைக் கழற்றினார்.

“காய்ச்சல் எனக்கு, சார். முதல்ல எனக்குச் சம்பளத்தோட லீவு குடுங்க, அப்புறம் ஜலாலைப் பாக்குறேன்.”