நாளைத் தேதி

18.8.2005. இன்று தட்டச்சில் ஒரு சிறு தவறு செய்துவிட்டேன்.

கிராமங்களில் மின்கட்டணம் வசூலிக்கும் உரிமத்தை இழந்தவர்களின் குறைகளை நேரில் கேட்டு முடிவெடுக்கச் சொல்லி எங்கள் மின்வாரிய அதிகாரிக்கு நீதிமன்ற உத்தரவு. மரக்காணம் பவுலினின் மனுவைத் தள்ளுபடி செய்யும் ஆணையில் இன்றைய தேதியை அடித்திருந்தேன்.

"ஏம்பா, விசாரணையே நாளைக்குத்தானே? நாளைத் தேதி போடு," என்றார் அதிகாரி.

"சார், அந்தம்மா தனக்கு ஆதரவா உப்பளத்துக்காரங்க நாப்பது பேர் போட்ட கையெழுத்தோட வர்றாங்க. கேட்டுட்டு அடிக்கலாமே?"

"கேக்கத்தான் போறேன். ஆர்டர் ரெடியா இருக்கட்டும்."

திருத்தினேன். இருமுறை சரிபார்த்தேன்.

மாலை வகுப்பு முடிந்து வீட்டுக்கு வந்தபோது, அக்கா புடவைக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள்.

"டேய், நான் தடுமாறாம பேசிடுவேனா?"

"நல்லா பேசுவக்கா."

நாளை: பவுலின் அக்காவை ஏழரை மணி பஸ்ஸில் விசாரணைக்கு அழைத்துப் போக வேண்டும்.