பிடிவாதமான கறி

கனமான இரும்புச் சட்டியை ஓவனுக்குள் தள்ளிக் கதவைச் சாத்தினேன். உள்விளக்கு எரிந்தது. மணி சரியாகப் பதினொன்று.

ஒன்றரைக்குத்தான் திறப்பேன், அதுவரை யாரும் கதவைத் திறக்கக் கூடாது என்று அறிவித்தேன்.

முப்பத்தெட்டு வருஷம் காகித ஆலையில் பாய்லர் பார்த்தவன் நான். நீராவியின் முணுமுணுப்பை வைத்தே அது என்ன மனநிலையில் இருக்கிறது என்று சொல்லிவிடுவேன். வீட்டு ஓவன் எனக்குத் தீப்பெட்டி மாதிரி.

கறிக்கடையிலேயே என் கொடி பறக்க ஆரம்பித்துவிட்டது. கடைக்காரர், தொட்டாலே குழைந்துவிடும் இளசான மாட்டுக்கறியை எடுத்து நீட்டினார். அதெல்லாம் வேண்டாம், கடையில் இருப்பதிலேயே பிடிவாதமான கறியாகப் பார்த்துக் கொடுங்கள் என்றேன். இருபது வருஷத்தில் இப்படிக் கேட்ட முதல் ஆள் நீங்கதான் என்று கத்தியைக் கீழே வைத்துவிட்டு எனக்குக் கை கொடுத்தார்.

உள்ளங்கை அகலத்தில் நாலு துண்டு. ஈரம் ஒற்றி, உப்பும் மிளகும் தேய்த்து, காய்ந்த சட்டியில் போட்டேன். அது எழுப்பிய சத்தத்தில் தெருமுனை நாய் எழுந்து உட்கார்ந்திருக்கும். இரண்டு பக்கமும் சிவந்து முறுகியதும் வெங்காயம், பூண்டு, ஒரு கிலோ தக்காளி. நான் பார்த்த பார்வையில் தக்காளிகள் தாமாகவே தோலைக் கழற்றிக்கொண்டன.

இந்த வித்தையைப் பார்க்க இருந்தவர்கள் இரண்டே பேர். மேசையின் அந்தக் கோடியில் என் மனைவி. இந்தக் கோடியில், காலையில் பஸ்ஸில் வந்து இறங்கிய மகள்.

இருவரும் பேசிப் பதினான்கு மாதம் ஆகிறது.

வேறு ஊருக்கு மாற்றலாகிப் போகிற விஷயத்தை மகள் கடைசி வாரம் வரை வீட்டில் சொல்லவில்லை. பக்கத்து வீட்டம்மா துணி காயப்போட்டுக்கொண்டே சொல்லித்தான் தாய்க்குத் தெரிந்தது. அன்றிலிருந்து இருவருக்கும் நடுவில் நான்தான் தபால்காரன். இன்று காலைப் பலகாரத்தின்போதும் அப்படித்தான்.

"உப்பை இந்தப் பக்கம் நகர்த்தச் சொல்லுங்க உங்க பொண்ணை."

"எட்டுற தூரத்துலதான் இருக்குன்னு சொல்லுங்கப்பா."

இரண்டு முழ மேசை அது. முத்திரை குத்துவதுதான் பாக்கி.

மகளுக்கு இரண்டே காலுக்குத் திரும்பும் பஸ். சாப்பிட்ட கையோடு கிளம்பிவிடுவாள். அடுத்து எப்போது வருவாள் என்று அவள் சொல்லவில்லை. கேட்கும் தைரியம் எனக்கும் வரவில்லை. கிளம்புவதற்குள் இருவரும் நேருக்கு நேர் ஒரு வார்த்தை பேசிவிட்டால் போதும். இத்தனை தக்காளியும் அதற்காகத்தான் உயிரை விட்டது.

பன்னிரண்டு மணிக்கு மனைவி தண்ணீர் எடுக்க எழுந்து வந்தாள். ஓவன் திருகில் இருக்கும் எண்களை அவள் நம்பியதே இல்லை. கதவுக் கண்ணாடியில் முழு உள்ளங்கையையும் பதித்துப் பார்ப்பதுதான் அவள் வழக்கம். இன்றும் பதித்தாள்.

எனக்கு மூச்சு நின்றுவிட்டது. ஆலைக்கு இன்ஸ்பெக்டர் வந்த நாட்களில்கூட இப்படி நின்றதில்லை.

"ம், நல்ல சூடு" என்று சுவரைப் பார்த்துச் சொல்லிவிட்டு, தண்ணீரோடு போய் உட்கார்ந்தாள்.

ஒரு மணிக்கு மகள் மோந்து பார்த்தாள். வாசனையே வரலையேப்பா என்றாள். நான் மூடுகிற மூடி அப்படி, வாசனைக்கே வழி தெரியாது என்றேன்.

ஒன்றரை. இரண்டு கைகளிலும் துணியைச் சுற்றிக்கொண்டு, பட்டத்து யானையை அழைத்து வருகிற மாதிரி சட்டியைக் கொண்டுவந்து மேசை நடுவில் வைத்தேன். மூடியைத் தூக்கினேன்.

ஆவி வரவில்லை.

மகள் சட்டியை வெறும் விரலால் தொட்டுப் பார்த்தாள். எழுந்து போய் ஓவன் முன்னால் குனிந்தாள். விளக்கு மட்டும்தான் எரிந்துகொண்டிருந்தது. சூட்டுக்கான திருகு சுழியத்தில் நின்றது.

"அம்மா, இங்க வந்து பாரேன். அப்பா ஓவனையே போடலை."

அம்மா என்றாள்.

"அந்த ஆலை பாய்லர் ஏன் ஒரு தடவைகூட வெடிக்கலைன்னு இப்பத்தான்டி புரியுது. பத்தவெச்சிருந்தாத்தானே."

பிறகு இருவரும் சிரித்த சிரிப்பில் அலமாரித் தட்டுகள் கிடுகிடுத்தன. மகள் கண்ணைத் துடைத்துக்கொள்ள அம்மாவின் முந்தானையை இழுத்தாள். முப்பத்தெட்டு வருஷ மானம் கப்பலேறிப் போனது. நான் தலையைக் குனிந்து நின்றேன், முடிந்த அளவு பரிதாபமாக.

இனி சூடு போட்டால் நாலு மணியாகும். இரண்டே கால் பஸ் போனால் போகட்டும், ஆறு மணிக்கு ஒன்று இருக்கிறது என்று மகளே சொன்னாள். அதுவரை பசி தாங்காது என்று அம்மாக்காரி உருளைக்கிழங்குக் கூடையைக் கொண்டுவந்தாள். ஒருத்தி தோல் சீவ, ஒருத்தி நறுக்க, பக்கத்து வீட்டம்மாவின் தலை உருள ஆரம்பித்தது. உப்பு இப்போது தபாலில் போகவில்லை. கைக்குக் கை மாறியது.

நான் திருகை நூற்றறுபதில் வைத்தேன்.

முப்பத்தெட்டு வருஷத்தில் ஒரு வால்வைக்கூட மறந்தவன் இல்லை நான். இன்றும் எதையும் மறக்கவில்லை. அது எனக்கு மட்டும்தான் தெரியும் என்று பன்னிரண்டு மணி வரைக்கும் நினைத்துக்கொண்டிருந்தேன்.

சில்லிட்டுக் கிடந்த கண்ணாடியில் உள்ளங்கையைப் பதித்துவிட்டு "நல்ல சூடு" என்றவள், உருளைக்கிழங்கிலிருந்து தலையைத் தூக்கவே இல்லை.