ஆறு மணி வரை மட்டும்

துப்பறியும் தொடரின் கடைசிப் பகுதி ஓடிக்கொண்டிருக்கிறது. மாலை ஆறு மணியோடு ஆப்பிலிருந்து தொடரையே எடுத்துவிடுகிறார்கள். மூலநாவலைக் கரைத்துக் குடித்த கணவர், கொலைகாரனின் பெயரைத் துண்டுச்சீட்டில் எழுதி மடித்து, மனைவியின் டீ டம்ளருக்கு அடியில் வைத்துவிட்டு, மீசைக்குள் சிரித்தபடி உட்கார்ந்திருக்கிறார். திரையில் துப்பறிவாளர் எல்லோரையும் கூடத்தில் நிறுத்தி, தொண்டையைச் செருமிக்கொண்டு, மெல்லச் சமையல்காரியின் பக்கம் திரும்புகிறார். கணவர் நிமிர்கிறார். “புத்தகத்துல இப்படி ஒருத்தி கிடையவே கிடையாதே!” சட்டென்று திரை இருள்கிறது. ‘இந்தத் தொடர் இப்போது கிடைக்காது’ என்ற வெள்ளை எழுத்தின் வெளிச்சம் இருவர் முகத்திலும் விழுகிறது. சுவர்க்கடிகாரத்தில் மணி ஆறு. மனைவி டம்ளரை நகர்த்தி, ஈரவட்டம் பதிந்த சீட்டை எடுக்கிறாள். “பிரிக்கட்டுமாங்க?” “கொஞ்சம் இரு” என்று அதைப் பிடுங்கியவர், சட்டைப்பையிலிருந்து பேனாவை எடுத்து, சீட்டைத் தானே பிரித்து, பெயருக்குப் பக்கத்தில் ஒரு கேள்விக்குறி போடுகிறார்.