சிவப்பு நட்சத்திரக் கட்டம்

"மூணு மாசத்துல பதினேழு சம்பவம்! நீங்க ஒரு ஆளா, இல்ல சூறாவளியா?"

மாடியில் தன் அறையில், குடோன் மேனேஜர் மேஜையைத் தட்டினார். எதிரே, துப்புரவு வேலை செய்யும் அக்கா ஈரத் துடைப்பத்தோடு நின்றார். குடோனில் எல்லோரும் அவரைக் கூப்பிடுவதே 'சம்பவம் அக்கா' என்றுதான்.

பின்னே? எது உடைந்தாலும், எது சரிந்தாலும் வாசல் கம்ப்யூட்டரில் பதிவாகும். 'தவறு செய்தவர்' என்ற கட்டத்தில் தவறாமல் அக்காவின் பெயர் இருக்கும்.

அந்த சிஸ்டம் மேனேஜரின் செல்லப்பிள்ளை. ராப்பகலாக யோசித்து அவரே உருவாக்கியது. யார் வேண்டுமானாலும் பதியலாம். பதிந்த மறுநாளே ரிப்பேர் ஆள் வந்தாக வேண்டும். தலைமை அலுவலகத்தில் இதற்காகக் கைதட்டல்கூட வாங்கியிருந்தார்.

இப்போது வேலைநீக்கக் கடிதம் மேஜையில் தயார். அக்கா கையெழுத்துப் போட வேண்டியதுதான் பாக்கி.

"சார், மாமியாருக்கு மருந்தே என் சம்பளத்துலதான் ஓடுது சார்."

"அதை உடைக்கிறதுக்கு முன்னாடி யோசிச்சிருக்கணும்மா." மேனேஜர் பட்டியலைப் படித்தார். "படிக்கட்டுக் கைப்பிடி ஆடுது, நீங்க. பெட்டி சரிஞ்சுது, நீங்க. சரக்கு தூக்குற ஃபோர்க்லிஃப்ட் சுவத்துல மோதுச்சு..." நிறுத்தினார். "ஏம்மா, உங்களுக்கு ஃபோர்க்லிஃப்ட் ஓட்டத் தெரியுமா?"

"சைக்கிளே தெரியாது சார்."

"அப்புறம்?"

"'தவறு செய்தவர்'னு சிவப்பு நட்சத்திரம் போட்ட கட்டத்துல ஒரு பேரு போடாட்டி ஃபாரம் நகரவே மாட்டேங்குது. ஃபாரம் போகலைன்னா ரிப்பேர் ஆள் வர மாட்டாரு. கைப்பிடியில போல்ட் தேய்ஞ்சு போயிருந்துச்சு. போல்ட்டுக்கு ஏது சார் பேரு?"

மேனேஜரின் விரல் பட்டியலில் அடுத்த வரிக்குத் தாவியது.

"ஃபோர்க்லிஃப்ட்?"

"பிரேக் பிடிக்கலை. ஓட்டின அண்ணன் பேரைப் போட்டா அவருக்குச் சம்பள உயர்வு கட். முன்னாடி ஒருத்தருக்கு அப்படி ஆனதுல இருந்து யாரும் எதையும் எழுதுறதில்லை. எழுதாம விட்டா நாளைக்கு யார் மேலயாவது ஏறிடாதா சார்? என்கிட்ட இருந்தது என் பேருதான்."

மேனேஜர் கடிதத்தைக் கொஞ்சம் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். ஆனாலும் மேனேஜர் ஆயிற்றே, சட்டென்று விட்டுக்கொடுக்க முடியுமா?

"சரி, இந்தப் பதினேழாவது? மாடியில யாரோ கெட்டிலை அணைக்காமப் போனதுல பிளக் பாயிண்ட் கருகியிருக்கு. குடோனே பத்தி எரிஞ்சிருக்கும்! இதுல போல்ட், பிரேக் கதையெல்லாம் வேணாம். ஒரு ஆள் பண்ணின தப்பு. யாரு?"

அக்கா துடைப்பத்தைச் சுவரில் சாய்த்து வைத்தார்.

"பேரைச் சொல்லுங்க, இந்தக் கடிதத்தைக் கிழிச்சுடறேன். சொல்லலைன்னா உங்க வேலை போகும்."

"சொன்னா அவரை என்ன பண்ணுவீங்க?"

"இன்னிக்கே வீட்டுக்கு அனுப்பிடுவேன்!"

"அப்ப என் பேரே இருக்கட்டும் சார்." அக்கா பேனாவை எடுத்தார்.

கையெழுத்தில் பாதிதான் முடிந்திருக்கும். மூக்கைச் சுளித்தார். பேனாவைப் போட்டுவிட்டு ஓட்டமும் நடையுமாக மேனேஜருக்குப் பின்னால் இருந்த மூலைக்குப் போனார். கெட்டிலின் சுவிட்சை அணைத்தார்.

"தண்ணி சுத்தமா வத்திப்போச்சு. இன்னிக்கும் மறந்துட்டீங்க சார். நல்லவேளை, பிளக் பாயிண்ட் புதுசு."



மேனேஜர் கடிதத்தை நாலாகக் கிழித்துப் போட்டார். கம்ப்யூட்டர் பக்கம் திரும்பி, பதினெட்டாவது சம்பவத்தைத் திறந்தார். சிவப்பு நட்சத்திரக் கட்டத்தில் தன் பெயரை அடித்தார்.

ஃபாரம் உடனே நகர்ந்தது.