‘இல்லீங்க’ என்று சொல்லணும்

“எங்க, ஒரு தடவ ‘இல்லீங்க’ன்னு சொல்லுங்க பாப்போம்.”

இராயப்பன் பிளேன்டீயை ஊதிக் குடித்தார். “இல்லீங்க.”

“டீக்கடைக்காரனுக்கே கேக்கல. ஜட்ஜையா அந்த ஒசரத்துல ஒக்காந்திருப்பாரு.” ஜெனிஸ்டா அப்பாவின் சட்டைக் கொலரை இழுத்துச் சரிசெய்தாள்.

நீதிமன்ற வாசலுக்கு எதிரே இருந்த கடை அது. அவர் எல்கடுவையிலிருந்து முதல் பஸ்ஸில் வந்திருந்தார். மகள் மாத்தளை டவுனில் அறை எடுத்து வேலை பார்ப்பவள். சேலை கட்டிக்கொண்டு நேரே வந்துவிட்டாள்.

மண்சரிவில் தேயிலைத் தோட்டத்து வரிசை வீடுகளான அவர்கள் லயம் முழுதாகப் போனது. ஆட்கள் தப்பினார்கள். வீட்டுக்கு நட்டஈடு என்று அரசாங்கம் அறிவித்தது, வந்தபாடில்லை. லயத்துச் சனம் இன்னும் தோட்டத்துப் பழைய ஸ்டோரில் பாய் போட்டுக் கிடக்கிறது. நட்டஈட்டைக் கொடுக்கச் சொல்லி பிரதேச செயலகத்துக்கு உத்தரவு போடுங்கள் என்றுதான் வழக்கு. போட்டவர் இராயப்பன்.

பணம் வராததற்கு அவர் வாயும் ஒரு காரணம். விசாரிக்க வந்த ஐயா, லயத்தின் முதல் காம்பரா அறையில் இருந்தவர் என்று இவரிடம் மட்டும்தான் கேட்டார். “எல்லாம் கெடைச்சதா?” அரிசியும் பருப்பும் கிடைத்திருந்தன. “ஆமாங்கய்யா” என்றார். கங்காணிக்கும் துரைக்கும் ஆயுள் முழுக்க அப்படிச் சொல்லியே பழகியவர். அந்த ஒரு ‘ஆமாங்கய்யா’, நட்டஈடு கொடுத்து முடிந்தது என்று மொத்த லயத்துக்கும் பதிவாகிவிட்டது.

“ஒங்க ஆமாங்கய்யாவால எல்லாரும் ஸ்டோருல கெடக்குறாங்க.”

“அதையே எத்தன தடவதான் சொல்லுவ புள்ள?”

“பணம் வர்ற வரைக்கும் சொல்லுவேன்.” முகத்தை உர்ரென்று வைத்துக்கொண்டாள். “சரி, நான்தான் ஆபீஸ்காரின்னு வச்சிக்குங்க. ‘என்ன இராயப்பன், எல்லாம் குடுத்தாச்சின்னு பைல்ல இருக்கே?’”

“ஆமா...”

“அப்பா.”

“ஒன் மொகத்தப் பாத்துக்கிட்டு எப்பிடிம்மா பொய்யின்னு சொல்றது?”

“அப்ப என்னைப் பாக்காதீங்க. அம்மா அந்த ஸ்டோருல சீலயக் கட்டி மறச்சிக்கிட்டு உடுப்பு மாத்துறத நெனச்சிக்குங்க.”

அவர் கிளாஸைக் கீழே வைத்தார்.

“நான் பேசுறதுனால ஆபீஸ்ல உள்ளவங்களுக்குக் கரச்சல் வராதா?”

“வந்தா வரட்டும். மூடுன பைல அவங்களா தொறக்க ஏலாது. கோர்ட்டு சொன்னாத்தான் மேலிடம் அசையும்.”

“பாவம் புள்ள.”

“பாவம் பாத்தீங்கன்னா அடுத்த மழைக்கும் ஸ்டோருதான்.”

அவர் டீயோடு வாங்கிய பணிஸில் பாதியைப் பிய்த்து நீட்டினார். “நீ ஒண்ணும் திங்கலயே.”

“சீலயில கொட்டும்பா.”

“வாயத் தொற.”

கடைக்காரர் பார்த்துக்கொண்டிருந்தார். அவள் வாயைத் திறந்தாள்.

நீதிமன்றத்தில் பெயர் கூப்பிட்டதும் இராயப்பன் எழுந்தார். கை தானாகத் தோளுக்குப் போனது, துண்டு இல்லை. கையைக் கட்டிக்கொண்டு நின்றார்.

நீதிபதி சிங்களத்தில் கேட்டதை மொழிபெயர்ப்பாளர் தமிழில் சொன்னார். “நட்டஈடு முழுவதும் கொடுத்ததாகக் கோப்பில் இருக்கிறது. கிடைத்ததா?”

இராயப்பனின் வாய் ‘ஆ’வென்று திறந்து அப்படியே நின்றது. எதிர்த்தரப்பு உட்கார்ந்திருந்த வாங்கை ஒருமுறை பார்த்துவிட்டுக் கண்ணை எடுத்துக்கொண்டார்.

“இல்லீங்கய்யா. ஒரு சதமும் கெடைக்கல. அந்தக் கோப்புல இருக்குறது பொய்ங்க.”

கடைசி வரிசை வரைக்கும் கேட்டது.

நீதிபதி அரசாங்கத் தரப்பின் பக்கம் திரும்பினார். “பிரதேச செயலகத்திலிருந்து யார் வந்திருக்கிறார்கள்?”

எதிர்த்தரப்பு வாங்கிலிருந்து கோப்போடு எழுந்து நின்றாள் ஜெனிஸ்டா.

“நட்டஈட்டுக்குப் பொறுப்பான உத்தியோகத்தர் நான்தான். அவர் சொல்வது சரி.”