பகூரி பார்க்கப் போன ஊர்

கிரேக்கத்துக் கடற்கரை ஒன்றில் பகூரி என்ற நண்டு வசித்தது. அதற்குச் சொந்த ஓடு கிடையாது. மணலில் கிடந்த உடைந்த ஜாடி ஒன்றின் கழுத்துக்குள் உடம்பை நுழைத்துக்கொண்டு, அதை இழுத்தபடியே திரியும். ஜாடிக் கழுத்தில் ஏதோ எழுத்துகள் பொறிக்கப்பட்டிருந்தன. அந்தக் கரையில் எங்கே தோண்டினாலும் அப்படி எழுத்துப் பொறித்த ஜாடித் துண்டுகள்தான்.

ஒருநாள் கிலாரோ என்ற கடற்காகம் படபடவென்று வந்து இறங்கியது. "சேதி தெரியுமா? பக்கத்து வளைகுடாவில் ஒரே கூட்டம். பழங்காலத்துத் துறைமுக ஊர் ஒன்று எங்கே இருந்ததென்று யாருக்குமே தெரியாதாம். அங்கேதான் இருக்கும் என்று தோண்டுகிறார்கள்."

பகூரிக்கு இருப்புக்கொள்ளவில்லை. "இதைப் பார்க்காவிட்டால் பிறந்து என்ன பிரயோசனம்?"

"இங்கேயும் தோண்ட வருவார்களோ என்னவோ."

"இங்கே என்ன இருக்கிறது, வெறும் ஓட்டாஞ்சல்லி!"

பாறை ஏறி, பாசியில் வழுக்கி, அலையில் உருண்டு, ஒருவழியாகப் போய்ச் சேர்ந்தது. அங்கே மணலைத் தவிர எதுவும் கிடைக்காமல் எல்லோரும் சோர்ந்திருந்தார்கள். வேடிக்கை பார்க்க முண்டியடித்து முன்னால் போன பகூரியைக் கண்டு, தோண்டிக்கொண்டிருந்தவர்களில் ஒரு பெண் ஜாடிக் கழுத்தைச் சட்டென்று தூக்கினாள். பகூரி பயந்து நழுவி, கல்லடியில் ஒளிந்துகொண்டது.

எழுத்துகளைப் படித்த அவள் கூவினாள். "அந்த ஊரின் பெயர்தான். இங்கேதான் இருந்திருக்கிறது." எல்லோரும் கட்டிப்பிடித்துக் குதித்தார்கள்.

கிலாரோ பறந்து வந்தது. "வீடு போச்சே, பகூரி?"

"வீடு கிடக்கட்டும். ஊரைக் கண்டுபிடித்த நேரத்தில் நான் இங்கே இருந்தேனே," என்றது பகூரி, வெற்றுடம்பு சிலிர்க்க. "நம்ம கரையிலேயே கிடந்திருந்தால் இதையெல்லாம் பார்த்திருப்பேனா?"