பெரியப்பா முழிக்க மாட்டார்

“நாளைக்கு நீங்க கண்ணு முழிக்கிறீங்க” என்றார் டைரக்டர்.

சீரியலில் இருநூறு எபிசோடாகக் கோமாவில் கிடக்கும் பெரியப்பாவுக்குத் தூக்கிவாரிப் போட்டது.

“வேணாம் சார். இப்படியே கிடந்துடறேன்.”

யூனிட்டே சிரித்தது. இருபத்தேழு வருஷமாக வாட்ச்மேன், வக்கீல், பிணம் என்று கிடைத்ததையெல்லாம் நடித்த மனுஷன். இப்போதுதான் உட்கார்ந்து பேசுகிற வேஷம் தேடி வருகிறது.

“படுத்தே பழகின உடம்பு. வணங்குமா?” என்றார் லைட்மேன்.

வீட்டிலும் அதே பாட்டுதான். “போற இடமெல்லாம் ‘உங்க வீட்டுக்காரர் முழிச்சாரா’ன்னு கேட்கறாங்க. மானம் போகுது. எழுந்து தொலைங்களேன்!” என்றாள் மனைவி.

டைரக்டர் முடிவாகச் சொல்லிவிட்டார். “முழிக்கலேன்னா செத்துடணும். எது வேணும், நீங்களே சொல்லுங்க.”

பெரியப்பா தலையைச் சொறிந்தார். “முழிக்கிறேன் சார்.”

மறுநாள், ஆஸ்பத்திரி செட். பெரியப்பா ஆக்சிஜன் மாஸ்க்கைக் கழற்றிவிட்டு எழுந்து உட்கார்ந்தார். எதிரே, வாசலில், அவருக்கு மனைவியாக நடிக்கும் பெரியம்மா. முதல் வசனம் அந்த அம்மாவுக்கு.

இங்கே குரலை அப்புறமாகத்தான் சேர்ப்பார்கள். கேமராவுக்குப் பின்னால் ஒருத்தர் நின்று வசனத்தை வாசிப்பார். கேட்டு, அப்படியே திருப்பிச் சொன்னால் போதும்.

வாசித்தார். பெரியம்மா பேசாமல் நின்றார்.

தொண்டை கிழிய வாசித்தார். பெரியம்மா புன்னகைத்தார்.

“என்ன இந்தம்மா இப்படி நிக்குது? வேற ஆளைப் போட்டுடலாமா?” என்று டைரக்டர் பல்லைக் கடித்தார்.

அவ்வளவுதான். பெரியப்பா நெஞ்சைப் பிடித்தார். தொப்பென்று விழுந்தார். மாஸ்க்கைத் தானே எடுத்து மாட்டிக்கொண்டு கண்ணை மூடினார்.

“கட்! என்னய்யா இது?”

மாஸ்க்குக்குள்ளிருந்து பதில் வந்தது. “மறுபடியும் கோமா வந்துடுச்சு சார்.”

‘கட்’ சொன்ன பிறகுதான் பெரியம்மா அசைந்தார். ஓடிவந்து, வழக்கம்போல அவர் முகத்தோடு முகம் வைத்துக் கதறினார்.

“கண்ணைத் திறந்து என்னைப் பார்த்துட்டு மறுபடியும் போயிட்டீங்களே! அவ்வளவு பார்க்கச் சகிக்காமலா இருக்கேன்?”

யாரும் எழுதாத வசனம்!

“கேமராவை நிறுத்தாதே!” என்று டைரக்டர் கிசுகிசுத்தார். லைட்மேன் மூக்கைச் சிந்தினார்.

டைரக்டர் துள்ளினார். “இதுதான்யா நடிப்பு! வாசிக்கிற ஆளே வேணாம் அம்மாவுக்கு. பெரியப்பா, நீங்களும் இருக்கீங்களே, ஒரு நிமிஷம் உட்கார வக்கில்லை! இன்னும் நூறு எபிசோடு கிடங்க!”

எல்லோரும் போனதும் பெரியம்மா கண் கலங்கினார். “என்னால உங்க வேஷம் போச்சேண்ணே.”

பெரியப்பா மாஸ்க்கைக் கழற்றினார். ஒட்டி வந்து பேசினால் மட்டுமே கேட்கிற பெரியம்மாவின் அந்த இடது காதோரம் வாயைக் கொண்டுபோனார், இருநூறு எபிசோடாகச் செய்கிற மாதிரியே.

“போனா போகுதும்மா. ‘பார்க்கச் சகிக்காமலா’ன்னு சொல்லிக்கொடுத்தேன் பாருங்க, அதை மட்டும் இன்னும் கொஞ்சம் இழுத்து அழுதிருக்கலாம்.”